திரைக்குப் பின்னால் நான் பேசியது

அண்ணன் காலமாகி ஒரு வருடம் ஆகிறது. அவருடைய தலைத் திவசத்துக்கு வந்து, இலையில் உட்கார்ந்து சாப்பிட்டு, கையில் இந்த நினைவு மலரோடு பஸ்ஸுக்கு நிற்கப்போகும் உறவுக்காரர்களுக்கும் நண்பர்களுக்கும் வணக்கம். இப்படிப்பட்ட மலரில் பிறந்தது, வளர்ந்தது, உழைத்தது, மறைந்தது, கடைசியில் நன்றி என்று ஒரு வரிசை உண்டு. நானும் முதலில் அந்த வரிசைப்படிதான் எழுதி அச்சகத்தில் கொடுத்தேன். எழுத்துக் கோப்பதற்கு முன்னால் ஓடிப்போய்த் திரும்ப வாங்கிக் கிழித்துவிட்டேன். அதில் பொய் எதுவும் இல்லை. சொல்ல வேண்டியதும் இல்லை. அதனால் இது மறுபடி எழுதியது.

எழுதுகிறவன் அவருடைய ஒரே தம்பி. தேரடித் தெருவில் மைக் செட் வைத்திருக்கிறேன். கல்யாணம், காதுகுத்து, கூத்து, கட்சிக் கூட்டம், தீபத்துக்கு வந்த கூட்டத்தில் காணாமல் போன குழந்தை பற்றிய அறிவிப்பு என்று இந்தச் சுற்றுவட்டாரத்தில் என் குரல் போகாத தெரு கிடையாது. வாய் சும்மா இருக்காதவன் என்று எனக்குப் பெயர். அதைப் பெருமையாகவே நினைத்து இவ்வளவு வயதை ஓட்டிவிட்டேன்.

அண்ணன் பிறந்தது அடி அண்ணாமலையில். எங்களுக்கு மலையைச் சுற்றும் பாதையை ஒட்டிக் கொஞ்சம் மானாவாரி நிலம். மழை பெய்தால் மல்லாட்டை என்கிற வேர்க்கடலை, பெய்யாவிட்டால் வெறும் கல். அப்பா இறந்தபோது நான் அம்மாவின் இடுப்பில் இருந்தேனாம். அண்ணன் படிப்பை விட்டுவிட்டு டவுனுக்கு நடந்து போய், சன்னதித் தெருவுக்குப் பக்கத்தில் இருந்த ஒரு போட்டோ ஸ்டூடியோவில் பிரிண்ட் கழுவும் வேலைக்குச் சேர்ந்தார். இருட்டறையில் மருந்துத் தண்ணீரில் கை ஊறி ஊறி அவருடைய விரல் நகங்கள் கடைசி வரைக்கும் பழுப்பாகவே இருந்தன. அம்மா போன பிறகு எனக்கு எண்ணெய் தேய்த்துக் குளிப்பாட்டிய கை அதுதான்.

அந்த ஸ்டூடியோவில் ஒரு பெரிய படுதா உண்டு. அதில் மலையையும் கோபுரத்தையும் வர்ணத்தில் எழுதி வைத்திருந்தார்கள். வாசலுக்கு வெளியே நிஜ மலை நிற்கும். அதைப் பார்க்க வந்தவர்கள் உள்ளே வந்து படுதா மலைக்கு முன்னால் விறைப்பாக நின்று படம் எடுத்துக்கொண்டு போவார்கள். 'இன்னாண்ணா இது, வெளிய போய் நின்னா நிஜ மலை வருமே'னு நான் கேட்டதற்கு, 'நிஜ மலை பெருசுடா, அவங்க சின்னதா தெரிவாங்க. காசு குடுத்து யாரு சின்னதா தெரியறதுக்கு வருவாங்க'ன்னார். ஒரு ஆளைப் பார்த்தால் அந்த ஆள் மனதுக்குள் எப்படித் தெரிய ஆசைப்படுகிறார் என்பது அண்ணனுக்குத் தெரிந்துவிடும். முதலாளிக்கு வயதாகி அவர் மகன் வீட்டோடு போனபோது ஸ்டூடியோவை அண்ணனிடமே விட்டுவிட்டுப் போனார்.

எனக்கு முதல் ஆம்ப்ளிஃபயரும் குழாய் ஸ்பீக்கரும் வாங்கிக் கொடுத்தது அண்ணன்தான். 'உனக்கு வாய்தான் இருக்குது, அதையாவது ஊருக்கு உபயோகமா வையி'ன்னு சிரித்துக்கொண்டே சொன்னார். பிற்பாடு அந்த வாய் அவருக்கு என்ன செய்தது என்பதைத்தான் எழுத வந்திருக்கிறேன்.

அண்ணி கீழ்பென்னாத்தூர்க்காரர். நெல்லும் மல்லாட்டையும் விளையும் நல்ல குடித்தனம். சிறு வயதில் வந்த காய்ச்சலில் அவருக்குக் காது போய்விட்டது, பேச்சும் கூடவே நின்றுவிட்டது. அவருடைய அக்காவின் கல்யாணத்துக்குப் படம் எடுக்கப் போன அண்ணன், குடும்பப் படத்தில் ஒரு பெண்ணை மட்டும் ஓரத்தில் கதவுக்குப் பின்னால் நிறுத்தி வைத்திருந்ததைப் பார்த்திருக்கிறார். அவரை நடுவில் கூட்டி வந்து நிறுத்திவிட்டுத்தான் படம் எடுத்தார். ஆறு மாதத்தில் பெண் கேட்டுப் போனார். எங்கள் பக்கத்துச் சொந்தக்காரர்கள் சில பேர் கூடாதென்றார்கள். யார் யார் என்று எழுதப் போவதில்லை. அவர்களும் இன்று சாப்பிட வந்திருப்பார்கள்.

அந்த வீட்டில் கொஞ்ச நாளிலேயே கையால் பேசுவது பழக்கமாகிவிட்டது. அது எந்தப் பள்ளிக்கூடத்திலும் கற்றுக்கொண்ட பாஷை இல்லை, அவர்கள் இருவரும் உண்டாக்கியது. நெற்றியில் மூன்று விரல் இழுத்தால் கோயில். கண்ணுக்கு முன்னால் வட்டம் போட்டால் அண்ணன். வாய்க்கு முன்னால் முஷ்டி வைத்தால் நான், மைக் பிடித்தவன். சுவரொட்டிகளையும் செய்தித்தாளையும் வைத்து அண்ணன் அவருக்கு எழுத்தும் கற்றுக்கொடுத்தார். அண்ணி மெதுவாகத்தான் படிப்பார், ஆனால் ஒரு எழுத்தையும் விடமாட்டார். அவர்களுக்குக் குழந்தை இல்லை. அதனால் அந்தப் பாஷையை முழுசாகத் தெரிந்தவர்கள் உலகத்திலேயே என்னையும் சேர்த்து மூன்று பேர். இப்போது இரண்டு பேர்.

கல்யாணமான புதிதில் அண்ணன் அவரை டவுன் தியேட்டர்களுக்கு அழைத்துப் போவார். ஒரு நாள் ஸ்டூடியோவில் என்னிடம் சொன்னார்: 'உங்க அண்ணி படத்தப் பாக்கறது கம்மிடா. என் மூஞ்சியத்தான் ஜாஸ்தி பாக்கறா. நான் சிரிச்சா சிரிக்கறா. எப்ப சிரிக்கணும்னு என்னைப் பாத்துத் தெரிஞ்சிக்கிறா.' அதைச் சொன்னபோது அவர் முகம் எப்படி இருந்தது என்று எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. அப்புறம் கொஞ்ச நாள் அவர்கள் சினிமாவுக்கே போகவில்லை.

எழுபதுகளில் ஒரு வருடம், பிரான்ஸ் தேசத்துக்காரர் ஒருவர் ஸ்டூடியோவுக்கு வந்தார். பாண்டிச்சேரியில் பல காலம் இருந்துவிட்டு, ஆசிரமத்துப் பக்கம் ஒரு சின்ன வீடு எடுத்துத் தங்கியிருந்த கிழவர். தமிழ் கொஞ்சம் தெரியும், மெதுவாகப் பேசினால் புரிந்துகொள்வார். ஏதோ தாளில் ஒட்டுவதற்குப் படம் எடுக்க வந்தவர், படுதா மலையைப் பார்த்துவிட்டு வாய்விட்டுச் சிரித்தாராம். அப்படிப் பிடித்தது சிநேகம்.

அவர் இளம் வயதில் பாரிஸில் படம் எடுக்கும் முதலாளியாக இருந்தவர். பெரிய முதலாளி என்று நினைத்துவிட வேண்டாம். ஒரு பழைய குதிரை லாயத்தை வாடகைக்கு எடுத்து, குள்ளமான ஒரு நடிகர், ஒரு நாய், கேமரா பிடிக்க மைத்துனர் என்று வைத்துக்கொண்டு, பேச்சில்லாத சின்னச் சின்னச் சிரிப்புப் படங்கள் எடுத்தவர். பாதிப் படங்களில் கூலி கொடுக்க ஆளில்லாமல் அவரே போலீஸ்காரராக ஓடி வருவாராம். நன்றாகத்தான் ஓடியிருக்கிறது. அப்புறம் சினிமாவுக்குப் பேச்சு வந்தது. கொட்டகைக்காரர்கள் படத்தைத் திருப்பி அனுப்பினார்கள். அந்தக் குள்ள நடிகருக்குக் கீச்சுக் குரல், பேசச் சொன்னதும் அவர் பிழைப்பு போனது. முதலாளி லாயத்தைக் காலி செய்துவிட்டுத் துணி வியாபாரத்துக்குப் போய், அதில் காலத்தைத் தள்ளினார். தன் பெயர் தன் சொந்த ஊரிலேயே ஒருத்தருக்கும் ஞாபகம் இல்லை என்று அவர் சொன்னாராம். வருத்தமாகச் சொல்லவில்லை என்று அண்ணன் சொல்வார்.

இத்தனையும் கேட்டுவிட்டு அண்ணன் அவரிடம் கேட்டது ஒன்றுதான். காது கேளாதவர்கள் உங்கள் படத்துக்கு வருவார்களா? வருவார்கள், என்றாராம் அவர். முன் வரிசையில் உட்காருவார்கள், எல்லாருக்கும் முந்தி அவர்கள்தான் சிரிப்பார்கள்.

அண்ணனுக்கு அன்றைக்கே பைத்தியம் பிடித்துவிட்டது. கிழவரிடம் சாவி கொடுத்து ஓட்டும் சின்ன மூவி கேமரா ஒன்று இருந்தது. அதை அண்ணனுக்கே கொடுத்துவிட்டார். பிலிமுக்கும் சென்னையில் கழுவுவதற்கும் அண்ணன் என்ன பாடு பட்டார் என்பது பெரிய கதை, இங்கே வேண்டாம். ஊரில் எல்லாரும் கேலி செய்தார்கள். 'பேசற படமே ஓடல, இவரு ஊமைப் படம் எடுக்கறாராம்.' கேலி செய்தவர்களில் நானும் உண்டு. படம் எடுக்கிறவர்கள் தயாரிப்பாளர் என்று ஒரு வார்த்தை சொல்வார்கள். எங்கள் குடும்பத்தில் விவசாயி, போட்டோகிராபர், மைக் செட் எல்லாம் உண்டு, தயாரிப்பாளர் அவர் ஒருவர்தான்.

படத்தின் கதை இது. வெளியூரிலிருந்து வந்த ஒரு ஆள், புதுச் செருப்பைக் கோயில் வாசலில் விட்டுவிட்டு உள்ளே போகிறான். வெளியே வரும்போது, அதே மாதிரிச் செருப்பு போட்ட ஒரு கால் கூட்டத்தில் நடந்து போவதைப் பார்க்கிறான். தன்னுடையது என்று நினைத்துப் பின்னாலேயே போகிறான். அந்தக் கால் மலை சுற்றும் பாதையில் திரும்புகிறது. அந்தப் பாதையில் எல்லாரும் வெறுங்காலில்தான் சுற்றுவார்கள், அது உங்களுக்கே தெரியும். அத்தனை வெறுங்காலுக்கு நடுவில் ஒரே ஒரு ஜோடி செருப்பு. மாட்டு வண்டிக்கு அடியில் தவழ்ந்து பார்க்கிறான், சாமியார் தாடிக்குப் பின்னால் ஒளிந்து பார்க்கிறான், அந்தக் கால் மட்டும் கையில் சிக்கவில்லை. கடைசியில் மலையை முழுசாகச் சுற்றிக் கோயில் வாசலுக்கே வந்து படியில் உட்கார்ந்து, தலையில் கை வைத்து அழுகிறான். அழுதுகொண்டே வியர்வைக்கு விசிறிக்கொள்கிறான். கையில் கிடைத்ததை எடுத்து விசிறுகிறான். அது அவனுடைய செருப்பு. விட்ட இடத்திலேயே இருந்திருக்கிறது. அது தெரியாமல் விசிறிக்கொண்டே அழுகிறான். அவ்வளவுதான் படம். அரை மணி நேரம்கூட வராது. நடித்தவர் அடி அண்ணாமலையில் வண்டி ஓட்டுகிற எங்கள் பங்காளி.

ஸ்டூடியோவில் உட்கார்ந்து பிலிமை வெட்டி ஒட்டிக்கொண்டிருந்தபோது அண்ணன் என்னிடம் சொன்னார்: 'இதுல ஒரு இடம் வச்சிருக்கறேன்டா. அந்த இடத்துல உங்க அண்ணி எல்லாருக்கும் முந்தி சிரிக்கணும். மத்தவங்க அப்புறம் சிரிச்சா போதும்.' எந்த இடம் என்று அவர் சொல்லவில்லை. நானும் கேட்கவில்லை. எனக்கு அப்போது ஒரு கட்சிக் கூட்டத்துக்கு ஒயர் இழுக்கிற அவசரம்.

முதல் தடவை படத்தைப் போடக் கீழ்பென்னாத்தூர் டூரிங் கொட்டகையைத்தான் அண்ணன் கேட்டார். அண்ணியைக் கதவுக்குப் பின்னால் நிறுத்தி வைத்த ஊர் அது. அவர் தன் சனத்துக்கு நடுவில் உட்கார்ந்து முதலில் சிரிக்க வேண்டும் என்பது அண்ணனுக்கு ஆசை. கொட்டகைக்காரர், 'மெயின் படத்துக்கு முன்னாடி போட்டுக்கங்க'ன்னு ஒத்துக்கொண்டார். விளம்பரம் செய்வதற்கு என் மைக் செட்டைக் கொண்டுபோயிருந்தேன். ஸ்பீக்கர் திரைக்குப் பின்னால் இருந்தது, மைக்கும் அங்கேயே. பெண்கள் பக்கத்து மணலில் அண்ணி தன் அம்மா, அக்கா, சித்திமாரோடு உட்கார்ந்தார். பட்டுப் புடவை கட்டி வந்திருந்தார். பின்னால் நாற்காலியில் பிரெஞ்சுக் கிழவர்.

படம் ஓட ஆரம்பித்தது. கொஞ்ச நேரம் அமைதி. அப்புறம் ஒரு விசில். அப்புறம் 'சவுண்டு, சவுண்டு'ன்னு ஒரு பக்கம் கத்தினார்கள். ஆபரேட்டர் சவுண்டைப் போட மறந்துவிட்டார் என்று நினைத்துவிட்டார்கள். பேச்சில்லாத படம் என்று நான் நாள் பூராவும் மைக்கில் கத்தியிருந்தேன், ஆனால் யார் அதைக் காதில் வாங்கினார்கள்? 'காசத் திருப்பிக் குடு'ன்னு ஒருத்தர் எழுந்தார். மணலை அள்ளித் திரையில் எறிந்தார்கள். கொட்டகைக்காரர் ஓடி வந்து, 'நிறுத்திடலாங்க, கொட்டகையக் கிழிச்சிடுவானுங்க'ன்னார். அண்ணன் திரைக்குப் பின்னால் வந்தார். அங்கே எங்களுக்குள் நடந்ததை இந்தக் கட்டுரையின் முடிவில் சொல்கிறேன். இப்போதைக்கு இது போதும்: நான் மைக்கை எடுத்துப் பேச ஆரம்பித்தேன்.

எனக்கு வாய்க்கு வந்ததெல்லாம் பேசினேன். செருப்புக்காரனுக்கு ஒரு குரல், சாமியாருக்கு ஒரு குரல், மாட்டுக்குக்கூட ஒரு குரல். உள்ளூர்ப் பெரிய மனிதர்கள் மாதிரி பேசிக் காட்டினேன். கூச்சல் போட்ட கொட்டகை குலுங்கிக் குலுங்கிச் சிரித்தது. எனக்குத் தலைகால் புரியவில்லை. திரையில் ஒன்றுமே நடக்காத இடத்தில்கூட அவர்களைச் சிரிக்க வைத்தேன். கடைசியில் அவன் படியில் உட்கார்ந்து அழும்போது குரலைத் தழுதழுக்க வைத்து, ஏழைக்கு ஒரு ஜோடி செருப்புகூடத் தங்காத உலகம் என்று ஒரு பிரசங்கம் வைத்தேன். கொட்டகையே கப்சிப். பொம்பளைகள் மூக்கைச் சிந்துவது கேட்டது.

அந்த நிசப்தத்தில் பெண்கள் பக்கத்திலிருந்து ஒரு சிரிப்பு வந்தது. பெரிய சிரிப்பு, அடிவயிற்றிலிருந்து வந்தது. எனக்குச் சுள்ளென்று கோபம். நான் அழ வைத்துக்கொண்டிருக்கிறேன், யாரோ சிரிக்கிறார்கள். மைக்கிலேயே கேட்டேன்: 'யாரும்மா அது, ஒரு மனுசன் வாழ்க்கையே போச்சுன்னு அழுவுறான், அங்க சிரிக்கறது? வீட்ல சொல்லி வைத்தியம் பாருங்க.' கொட்டகை வெடித்தது. எல்லாத் தலையும் அந்தப் பக்கம் திரும்பியது. அண்ணி முந்தானையை வாயில் வைத்து அழுத்திக்கொண்டு குனிந்துவிட்டார் என்று பிற்பாடு தெரிந்துகொண்டேன்.

அன்றையிலிருந்து என் மார்க்கெட் ஏறிவிட்டது. செங்கத்திலிருந்து, போளூரிலிருந்து கொட்டகைக்காரர்கள் வந்து 'அந்த மைக்குக்காரர் படம்' என்று கேட்டார்கள். அண்ணன் பெட்டியை என்னிடம் கொடுத்து அனுப்புவார், தான் வரமாட்டார். இன்னும் ஒரு படம் எடுத்தார். அதைக் கேட்டு வந்தவர் முதலில் கேட்டதே, 'தம்பி வந்து பேசுவாரா?' என்பதுதான். அதற்கப்புறம் அண்ணன் கேமராவைத் தொடவில்லை. பிரெஞ்சுக் கிழவரும் தன் தேசத்துக்குப் போய்விட்டார். ஒரு தயாரிப்பாளராக என் அண்ணனின் வாழ்க்கை அத்தோடு முடிந்தது. அண்ணி சினிமாப் பக்கமே போகவில்லை. கூப்பிட்டால் நெற்றியைத் தொட்டுத் தலைவலி என்பார்.

பிறகு அவர் சாதாரண மனிதராக நன்றாக வாழ்ந்தார். படம் எடுக்க வசதியில்லாத குடும்பங்களில் பெரியவர்கள் இறந்தால், தானே போய்ப் படம் எடுத்துக் கொடுத்துவிட்டு வருவார். என் பெண்களின் கல்யாணத்துக்குப் பந்தக்கால் நட்டது முதல் மறுவீடு வரை முன்னால் நின்றார். என்னிடம் ஒரு நாளும் முகம் சுளித்ததில்லை. சுளித்திருந்தால் எனக்கு இவ்வளவு கஷ்டம் இருக்காது. நெஞ்சில் சளி கட்டி, மூச்சு வாங்கி, வேலூர் ஆஸ்பத்திரியில் இரண்டு தடவை சேர்த்து மீட்டு எடுத்தோம். மூன்றாவது தடவை அவரே வேண்டாமென்றுவிட்டார். விடிந்து கொஞ்ச நேரத்தில், அண்ணி காப்பி ஆற்றிக்கொண்டிருந்தபோது உயிர் பிரிந்தது. சத்தம் வந்திருந்தாலும் அண்ணிக்குக் கேட்டிருக்காது, திரும்பிப் பார்த்தபோதுதான் தெரிந்தது.

காரியம் முடிந்த பிறகு ஸ்டூடியோவை ஒழிக்கப் போனோம். பிலிம் டப்பாவை எடுத்து அண்ணி என்னிடம் நீட்டினார். நீயே வைத்துக்கொள், எனக்குப் புரியாது என்று கையால் சொன்னார். புரியாதா, இது பேச்சே இல்லாத படம்தானே என்றேன். அண்ணி டப்பாவைக் கீழே வைத்துவிட்டுச் சொன்னதை அப்படியே எழுதுகிறேன்: 'அதான். பேச்சே இல்லாத படம். அதுகூட எனக்குப் புரியல. எல்லாரும் சிரிச்சப்ப எனக்குச் சிரிப்பு வரல. எல்லாரும் சும்மா இருந்தப்ப நான் சிரிச்சேன். எல்லாரும் திரும்பிப் பாத்தாங்க. அன்னிக்குத் தெரிஞ்சுது, எனக்குக் காது மட்டும் இல்லன்னு இல்ல.' சொல்லிவிட்டு விரலை நெற்றிப்பொட்டில் வைத்துச் சுழற்றிக் காட்டினார்.

இத்தனை வருடம் அண்ணிக்குத் தெரியவே தெரியாது. நான் திரைக்குப் பின்னால் இருந்தேன், என்னை அவர் பார்க்கவில்லை. ஊரெல்லாம் என்னைப் பாராட்டியது, ஆனால் அவரிடம் கையால் பேசத் தெரிந்தவர்கள் யார்? படத்தைப் பார்த்துத்தான் சனங்கள் சிரித்தார்கள் என்று அவர் நினைத்துக்கொண்டிருந்தார். தான் மக்கு என்று நினைத்துக்கொண்டே அவருக்கு நரை விழுந்துவிட்டது.

நான் சொல்லிவிட்டேன். வாய்க்கு முன்னால் முஷ்டி வைத்து, திரையைக் காட்டி, பின்னால் நின்று நான்தான் பேசினேன், என் பேச்சுக்குத்தான் சிரித்தார்கள் என்றேன். அண்ணி அடித்துவிடுவார் என்று நினைத்தேன், அடித்திருக்கலாம். அவர் கண்ணுக்கு முன்னால் வட்டம் போட்டு ஒரே ஒரு கேள்வி கேட்டார்: 'அவருக்குத் தெரியுமா?'

மாலை வாடாத அண்ணன் படம் எங்கள் பக்கத்தில் இருந்தது. போனவரைக் காட்டிக்கொடுக்க எனக்கு மனம் வரவில்லை. தெரியாது என்று கையை ஆட்டினேன். நல்லது செய்வதாகத்தான் நினைத்தேன்.

அது எவ்வளவு பெரிய கொடுமை என்று அடுத்த நாள் போனபோது தெரிந்தது. அண்ணி அவர் படத்துக்கு முன்னால் உட்கார்ந்து கையால் பேசிக்கொண்டிருந்தார். வாய்க்கு முன்னால் முஷ்டி, திரை, அதன் பின்னால் ஆள். திரும்பத் திரும்ப. 'நான் மக்கு இல்லீங்க, உங்க தம்பி பின்னால நின்னு பேசியிருக்கறான், அதனாலதான் எனக்குப் புரியல'ன்னு படத்துக்கு விளக்கிக்கொண்டிருந்தார். தன்னை மக்கு என்று நினைத்துக்கொண்டே கணவர் போய்விட்டாரே என்பதுதான் அண்ணிக்கு இப்போது துக்கம். இந்த ஒரு வருடமாகத் தினமும் விளக்கேற்றியதும் அதைத்தான் சொல்கிறார். அண்ணனுக்கு நன்றாகத் தெரிந்த ஒன்றை அவருக்கே சொல்லிக்கொண்டிருக்கிறார்.

பல தடவை உண்மையைச் சொல்லப் போய், கையைத் தூக்கி, வேறு எதையோ கேட்டுவிட்டு வந்துவிட்டேன். அப்புறம் யோசித்தேன். அண்ணியைக் கேலி செய்தது ஒரு கொட்டகை நிறைந்த சனத்துக்கு முன்னால். அன்று திரும்பிப் பார்த்தவர்களில் பாதிப் பேர் இன்று இந்த மலரை வாங்கப்போகிறார்கள். அவர்கள் எல்லாருக்கும் முன்னால் சொல்வதுதான் முறை. அண்ணியும் படிப்பார், ஒரு எழுத்தையும் விடாமல்.

அதற்கு முன்னால் நன்றியைச் சொல்லிவிடுகிறேன். மூச்சுத் திணறியபோதெல்லாம் நேரம் பார்க்காமல் வேனை எடுத்து வந்த கீழ்பென்னாத்தூர் மைத்துனருக்கும், ஆஸ்பத்திரியில் பார்த்துக்கொண்ட டாக்டர்களுக்கும் நர்சம்மாக்களுக்கும், துக்க வீட்டில் மூன்று நாள் அடுப்பு மூட்டவிடாமல் சாப்பாடு கொடுத்த தெருக்காரர்களுக்கும், இரண்டு தடவை எழுதிய இந்தக் கட்டுரையைப் பொறுத்துக்கொண்ட அச்சகத்தாருக்கும் எங்கள் குடும்பம் கடமைப்பட்டிருக்கிறது.

அண்ணி, இனி உங்களிடம்தான் பேசுகிறேன். அவருக்குத் தெரியும். கொட்டகை கத்தியபோது அவர் திரைக்குப் பின்னால் வந்தார். மைக் என் கையில் இருந்தது, ஆனால் நான் இன்னும் பேசவில்லை. வெளியே மணல் வந்து திரையில் விழுகிற சத்தம். உங்கள் சனத்துக்கு முன்னால் படம் நின்றுபோனால் உங்களுக்கு அவமானம் என்று நினைத்தாரோ என்னவோ, என்னைப் பார்த்து 'பேசுடா' என்றார். இந்த வார்த்தையை நான் இத்தனை வருடம் யாரிடமும் சொல்லவில்லை. அவரும் உங்களிடம் சொல்லவில்லை. 'அவகிட்ட சொல்லாதடா, நானே சொல்றேன்'னு என்னிடம் கேட்டுக்கொண்டார். அப்புறம் வெட்கப்பட்டே சொல்லாமல் போய்விட்டார், சொல்லியிருப்பார் என்றே நானும் இருந்துவிட்டேன். உங்களை அவர் ஒரு நாளும் குறைவாக நினைத்ததில்லை, தன்னைத்தான் அப்படி நினைத்தார்.

மறுநாள் பிரெஞ்சுக் கிழவர் ஸ்டூடியோவுக்கு வந்தார். நான் மைக்கில் பேசிய வேகத்தில் ஒரு வார்த்தையும் அவருக்குப் புரியவில்லை. அதனால் படத்தை மட்டும்தான் பார்த்திருக்கிறார். 'அந்த அம்மா சிரிச்ச இடத்துல நானும் சிரிச்சேன்'னு சொல்லி அண்ணன் கையைப் பிடித்துக் குலுக்கினார்.

ஆனால் அவர் சொல்லித்தான் அண்ணனுக்குத் தெரிய வேண்டும் என்பதில்லை. நான் பேசி முடிக்கிற வரை அண்ணன் திரைக்குப் பின்னால் என் பக்கத்திலேயே நின்றிருந்தார். செருப்பால் விசிறிக்கொண்டே அவன் அழுகிற இடத்தில் உங்கள் சிரிப்பு வந்தது. எனக்கு யார் என்று தெரியவில்லை. அவருக்குத் தெரிந்தது. என் தோளை இறுக்கிப் பிடித்தார். இருட்டில் அவர் முகம் முழுக்க ஈரமாக இருந்தது. 'சிரிச்சுட்டாடா' என்றார். 'நான் வச்ச இடத்துலயே, எல்லாருக்கும் முந்தி சிரிச்சுட்டா.' அதை அவர் சொல்லி முடிப்பதற்குள் நான் மைக்கில் வாயை வைத்துவிட்டேன்.